நாற்பது நாள் அடுப்பு

பிப்ரவரி 3, 1987, செவ்வாய்

காலையில் எழுந்ததும் முதல் வேலையாக, மாட்டுச் சாளையை ஒட்டிய தவிட்டு அறையில் மூன்று கல் வைத்து அடுப்புக் கூட்டினேன். வறட்டியை உடைத்துப் போட்டுவிட்டுப் பார்த்தால் தீப்பெட்டி இல்லை. அது தம்பி வீட்டுச் சமையலறையில் இருக்கிறது. நேற்று வரை என் வீட்டுச் சமையலறை. கேட்டு வாங்கி வந்தேன். நாற்பத்து நான்கு வயதில் எனக்கென்று முதல் அடுப்பு.

எதற்கு என்று எழுதி வைக்கிறேன். பின்னால் படித்தால் எனக்கே நம்பிக்கை வராது.

செம்பாற்றின் குறுக்கே மின்சாரத்துக்காக அணை எழும்புகிறது. இந்த வருஷ மழைக்கு வேலம்பள்ளம் தண்ணீருக்குள் போய்விடும். மேட்டில் காலனி கட்டி வீடு கொடுக்கிறார்கள். தனியாகச் சமைத்துச் சாப்பிடுகிறவர்கள் தனிக் குடும்பம். ஓர் அடுப்புக்கு ஒரு வீடு. கல்யாணம் ஆகாத பையன்கள் கணக்கில் வரமாட்டார்கள். நாற்பது வயது தாண்டித் தனியாக வாழும் பெண் வருவாள்.

தம்பி சென்னியப்பனுக்கு ஒரே மகன், சம்பத். பெண் பார்த்தாகிவிட்டது. தனி வீடு இருந்தால்தான் பெண் தருவோம் என்கிறார்கள். கல்யாணம் ஆனால்தான் வீடு, வீடு இருந்தால்தான் கல்யாணம். இந்த முடிச்சை அவிழ்க்கத் தம்பிக்கு நான் கிடைத்தேன்.

"நாப்பது நாளைக்குத்தான் அக்கா. கணக்கெடுத்துட்டுப் போற வரைக்கும். சும்மா பேருக்கு. வீடு உம் பேருக்கு வரட்டும், சாவி குடுக்கற அன்னைக்குச் சம்பத்துக்கு எழுதிக் குடுத்துரு. அப்படிக் குடுக்கலாம்னு ஆபீஸ்ல கேட்டுட்டேன்."

"அப்புறம் நான் எங்க இருக்கறது?"

"இதென்ன கேள்வி? எங்ககூடத்தான். எப்பவும் போல."

எப்பவும் போல.

பிப்ரவரி 5, வியாழன்

ஒரு ஆளுக்கு எவ்வளவு அரிசி போடுவது என்று தெரியவில்லை. வடித்ததில் பாதி கோழிகளுக்குப் போயிற்று.

பிப்ரவரி 11, புதன்

விடியும்போது மேட்டுக் கோயிலுக்குப் போய் ஊரைப் பார்த்தேன். அறுபத்தோரு வீடு. எண்ண முடியாத அளவுக்குப் புகை. மாட்டுச் சாளையில் புகை, வைக்கோல் போருக்குப் பின்னால் புகை, கிணற்று மோட்டார் கொட்டகையில்கூடப் புகை. டீசல் இருக்கும் இடம், பற்றிக்கொண்டால் என்ன ஆகும் என்று யாரும் யோசிக்கவில்லை. சுவரில் கரி படிந்திருக்கிறதா, சாம்பல் குவிந்திருக்கிறதா என்று பார்ப்பார்களாம். அதனால் சிலர் பழைய வீட்டுக் கரியைச் சுரண்டி எண்ணெயில் குழைத்துப் புதுச் சுவரில் பூசுகிறார்கள்.

எதிர் வீட்டு மாரக்காளின் இரண்டு மகன்களும் பிரிந்துவிட்டார்கள். அவள் தபால் அட்டை வாங்க வந்தபோது சொன்னாள்: "ரெண்டு மருமவளும் இத்தனை வருசமா பிரியோணும் பிரியோணும்னு சாமி கும்புட்டாளுக. சாமி கேக்கல. கவர்மெண்டு கேட்டுருச்சு."

"உங்களுக்கு எங்கே சாப்பாடு?"

"இங்க ஒரு வாய், அங்க ஒரு வாய். ரெண்டு வீட்லயும், 'அங்க தின்னுட்டுத்தானே வந்தீங்க'ன்னு கேக்கறாளுக." சிரித்தாள். அட்டையை மறந்துவிட்டுப் போய்விட்டாள். நான்தான் கூப்பிட்டுக் கொடுத்தேன்.

இந்த ஊரின் கிளை அஞ்சலகம் எங்கள் வீட்டு முன்னறை. அப்பா படுக்கையில் விழுந்த பிறகு நான் பார்க்கிறேன். பத்து மணிக்குத் திறந்து மதியம் மூடுகிறேன். மேசையிலிருந்து பார்த்தால் கதவு, கதவுக்கு வெளியே தெரு. இருபத்து இரண்டு வருஷமாக அதே கதவு வழியாக அதே தெரு.

பிப்ரவரி 16, திங்கள்

மலையடிவாரத்திலிருந்து தபால் பையைத் தூக்கிக்கொண்டு வரும் நஞ்சப்பனுக்கு மோர் கொடுத்தேன். என் அடுப்பறைக்கு முன்னால் உட்கார்ந்து குடித்தார்.

"எம் பொண்ணக் கட்டிக் குடுத்த ஊர்ல, கெணத்த எட்டிப் பாத்தா பாம்புதானுங்க தெரியும். ஒரு கொடத்துக்கு ரெண்டு மைல் நடக்கறா. இந்த அணை வந்தா வாய்க்கால் அவ வாசலுக்கு வருதுங்களாம். உங்களுக்கு ஊடு போவுது, அவளுக்குத் தண்ணி வருது. நான் யாரப் பாத்து அழுவறது, யாரப் பாத்துச் சிரிக்கறது, சொல்லுங்கம்மா."

இன்னொரு சொம்பு மோர் ஊற்றினேன். கோயம்புத்தூரில் கல்லூரி விடுதியில் என் தலைக்கு மேல் ஒரு பல்பு எரிந்தது. அதன் வெளிச்சத்தில் மூன்று வருஷம் சரித்திரம் படித்தேன். அந்த மின்சாரம் எந்த மலையிலிருந்து வந்தது, எந்த ஊர் முழுகி வந்தது என்று ஒரு நாளும் கேட்டதில்லை. பரீட்சையிலும் கேட்கவில்லை.

வேலம்பள்ளத்துக்கு இன்னும் மின்சாரம் வரவில்லை. இங்கிருந்து போகும் கம்பிகள் எங்கள் தலைக்கு மேலே எங்கோ மில்களுக்குப் போகும். காலனியில் மட்டும் வீட்டுக்கு ஒரு பல்பு என்று நோட்டீசில் இருக்கிறது. அந்த வரியை மூன்று தடவை படித்தேன்.

பிப்ரவரி 22, ஞாயிறு

சந்தைக்குப் போனவரிடம் சொல்லி நெத்திலிக் கருவாடு வாங்கிவரச் செய்தேன். தம்பி மனைவி பாவாத்தாளுக்கு அந்த நாற்றம் ஆகாது. அவள் இந்த வீட்டுக்கு வந்த நாளிலிருந்து கருவாடு வந்ததில்லை. நானும் கேட்டதில்லை. கேட்க வேண்டும் என்று தோன்றியதாகவும் நினைவில்லை. இன்று வாணலியில் போட்டதும் வாயில் எச்சில் ஊறியது. சின்னப் பிள்ளைபோல நின்றுகொண்டே தின்றேன்.

பாவாத்தாள் மூக்கைப் பொத்திக்கொண்டு வாசலில் நின்று, நாத்தனாரான என்னைக் கேட்டாள்: "ஏனுங் நங்கை, பொய்யடுப்புக்கு இத்தன ஆக்கமுங்களா?"

"நம்பற மாதிரி இருக்க வேண்டாமா?" என்றேன்.

பிறகு அவளே ஒரு கிண்ணத்தில் பருப்புக் குழம்பு கொண்டு வந்து முந்தானைக்குள் மறைத்து நீட்டினாள். நல்ல மனசு. யாராவது பார்த்துவிட்டால் கணக்குக் கெட்டுவிடும் என்று சொல்லித் திருப்பி அனுப்பினேன். தெருவில் யாரும் இல்லை.

பிப்ரவரி 28, சனி

இன்று நடந்ததை அப்படியே எழுதப் பார்க்கிறேன்.

பிரிந்த குடும்பம் என்றால் ஒரு சண்டையாவது வேண்டும் என்று ஊரில் முடிவாகிவிட்டது. சங்கிலி பிடித்து அளக்கும் ஆட்கள் இரண்டு நாளாகத் தெருவில் இருக்கிறார்கள். அவர்கள் பார்க்க ஒவ்வொரு வீட்டிலும் ஒரு சண்டை. நேற்று மாரக்காள் வீட்டில் அண்ணனும் தம்பியும் போட்ட சண்டையில் பொய்யாக வீசிய சொம்பு மெய்யாகவே பட்டுத் தம்பிக்குக் காதோரம் தையல். இன்று எங்கள் முறை. காலையில் தம்பி வந்து, "நான் ரெண்டு சொல்றேன், நீ ரெண்டு சொல்லு. அப்புறம் கதவச் சாத்திக்க" என்று சொல்லிக் கொடுத்துவிட்டுப் போனான்.

பதினோரு மணிக்கு வாசலில் நின்று ஆரம்பித்தான்.

"இருவது வருசமா உக்கார வெச்சுச் சோறு போட்டேன். கட்டிக் குடுக்காமப் போனது என் குத்தமா? எந்நேரமும் மூஞ்சியத் தூக்கி வெச்சுக்கிட்டு... எங்களுக்கும் ஒரு வாழ்க்கை வேண்டாமா?"

சொல்லிக் கொடுத்ததில் இது இல்லை. ஆனால் தேடாமல் வந்தது. சொல்லும்போது என் முகத்தைப் பார்க்கவில்லை.

நான் சொல்ல வேண்டியது, "உன் சோறு எனக்கு வேண்டாம், நானே ஆக்கித் தின்றுகொள்கிறேன்." அதைத்தான் சொல்லப் போனேன்.

"கட்டிக் குடுக்காமப் போனதா? வந்த மாப்பிள்ளைக்கு யார் லெட்டர் எழுதினது, எங்கக்காவுக்கு இப்ப இஷ்டமில்லைன்னு? அப்பாவுக்கு ஒரு பக்கம் விழுந்துருச்சு, அவரத் தூக்கிப் போட ஆள் வேணும், அதுக்குத்தானே? அந்த லெட்டர்ல முத்திரை குத்துனது நான்டா சென்னியப்பா. உன் கையெழுத்து எனக்குத் தெரியாதா?"

தெருவே நின்றது. சங்கிலிக்காரன் சங்கிலியைக் கீழே விட்டுவிட்டான். தம்பியின் வாய் திறந்தபடி இருந்தது. இருபது வருஷமாக எனக்குத் தெரியும் என்று அவனுக்குத் தெரியாது.

பிரித்துப் படிக்கவில்லை. அஞ்சலகத்துக்காரி உறையைப் பிரிக்கக் கூடாது. ஒரு மாதம் கழித்து அந்த வீட்டிலிருந்து என் பெயருக்கே பதில் வந்தது, அதில் எல்லாம் இருந்தது. அதை அடுப்பில் போட்டுவிட்டு அப்பாவுக்குக் கஞ்சி காய்ச்சினேன். அவர் போய்ப் பதினோரு வருஷம். அதற்குப் பிறகும் நான் எங்கும் போகவில்லை. அதற்குத் தம்பியைச் சொல்ல முடியாது.

கதவைச் சாத்திக்கொண்டேன்.

மார்ச் 1, ஞாயிறு

நடிப்பு ரொம்ப நன்றாக இருந்தது என்று மாரக்காள் சொன்னாள். தம்பி வரவில்லை.

மார்ச் 7, சனி

வருவாய் ஆய்வாளர் வந்தார். முப்பது வயது இருக்கும், களைத்த முகம். அடுப்பின் முன் குந்தினார். உப்பு ஜாடியைத் திறந்து பார்த்தார். சாம்பலைக் குச்சியால் கிளறினார்.

"அறுபத்தோரு கூரை, நூத்தி முப்பத்தெட்டு அடுப்பு. இந்த ஊர்ல பூனையும் நாயும்தாங்க இன்னும் சேந்து சாப்பிடுது." பிறகு கேட்டார்: "எத்தனை நாளா தனியா இருக்கீங்க?"

"ரெண்டு வருஷம்" என்று சொல்லும்படி தம்பி சொல்லியிருந்தான்.

"ரொம்ப நாளாச்சுங்க" என்றேன்.

என்னை நிமிர்ந்து பார்த்தார். வாணலியை முகர்ந்தார். "கருவாடுங்களா? அந்த வீட்ல?"

"அவங்களுக்கு ஆகாது."

ஏதோ எழுதிக்கொண்டார். "காலனி வீட்ல நீங்கதான் குடியிருப்பீங்களா? வேற யாருக்காவதுதான் இதெல்லாமா? உண்மையச் சொல்லுங்க. எனக்கு எப்படியும் ஒரு டிக் அடிக்கணும், அவ்வளவுதான்."

"நான்தாங்க இருப்பேன்."

பொய் சொல்கிறோம் என்றுதான் அப்போது நினைத்தேன்.

மார்ச் 10, செவ்வாய்

ரங்கிக்கு மனு எழுதிக் கொடுத்தேன். அவளும் புருஷனும் ஆட்டுப் பட்டியோரம் புளியமரத்தடியில் பத்து வருஷமாகச் சமைக்கிறார்கள். கூரை இல்லாத அடுப்பு கணக்கில் வராது என்று சொல்லிவிட்டார்களாம். ஊரிலேயே பொய் கலக்காத அடுப்பு அதுதான்.

"விடுங்க அம்மணி. ஆடு போற பக்கம் நாங்களும் போறோம்" என்றாள். மனுவைப் பதிவுத் தபாலில் அனுப்பினேன். ஒன்றும் நடக்காது என்று எனக்குத் தெரியும். கிளம்பும்போது என் அடுப்பைப் பார்த்தாள்.

மார்ச் 20, வெள்ளி

பையில் பதிவுத் தபால் கட்டு. ஒதுக்கீட்டு ஆணைகள். பெயர்களை ஒவ்வொன்றாகப் பதிவேட்டில் ஏற்றிக்கொண்டு வந்தேன். முப்பத்து இரண்டாவது: செல்வி ப. மரகதம், வீட்டு எண் 47.

இத்தனை வருஷத்தில் என் பெயருக்கு வந்த முதல் பதிவுத் தபால். கொடுப்பவளும் நான், வாங்குபவளும் நான். ஒப்புதல் அட்டையில் கையெழுத்துப் போட்டு, தேதி முத்திரை குத்தினேன். மற்றவர்களுடையதை எல்லாம் கொடுத்து முடித்தேன். தம்பியிடம் அவனுடையதைக் கொடுத்தேன்.

"உனக்கு வந்துச்சா?"

"இன்னும் பாக்கணும்" என்றேன்.

மார்ச் 22, ஞாயிறு

வந்துவிட்டது என்று சொன்னேன். தம்பி அந்தச் சண்டைக்குப் பிறகு முதல் தடவையாகச் சிரித்தான். உறையைக் கையில் வாங்கி, 47 என்ற எண்ணை விரலால் தடவினான். "மூலை வீடு. காத்து நல்லா வரும். சம்பத்து யோகக்காரன்."

மார்ச் 27, வெள்ளி

நாற்பது நாள் முடிந்து பன்னிரண்டு நாள் ஆகிறது. பாவாத்தாள் வந்து, "இன்னும் எதுக்குங் நங்கை இந்தப் புகையில? வாங்க, நம்மூட்டுக்கே வந்துருங்க. எனக்கும் ஒத்தையா வேலை செய்ய முடியல" என்றாள்.

"விறகு கொஞ்சம் மிச்சம் இருக்கு. தீர்ந்ததும் வர்றேன்."

சாயங்காலம் கரட்டுக் குன்றுக்குப் போய் ஒரு சுமை பொறுக்கி வந்தேன்.

ஏப்ரல் 5, ஞாயிறு

பெண் வீட்டார் வந்தார்கள். பெண்ணின் அப்பா காலனிக்குப் போய் 47ஆம் நம்பரைப் பார்த்துவிட்டு வந்து பேசினார். வீடு முழுவதும் அவர்களுடைய பேச்சு. அடுப்பு எந்தப் பக்கம், ஜன்னலுக்குப் பச்சைப் பெயிண்ட் அடிப்பதா, பல்பை எங்கே மாட்டுவது. பெண் என் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஒல்லியான, சூடான கை. அவளை எனக்குப் பிடித்துவிட்டது. பிடிக்காமல் இருந்திருந்தால் சுலபமாக இருக்கும்.

சம்பத் நல்ல பையன். திருப்பூரில் பனியன் கம்பெனியில் நிட்டிங் மெஷின் ஓட்டுகிறான். நான் எழுத்துச் சொல்லிக் கொடுத்த கை. போகும்போது தனியாக வந்து சொன்னான்: "அத்தை, அது உங்க வீடுதான், எனக்குத் தெரியும். நீங்க எப்ப வேணாலும் வந்து போலாம்."

வந்து போலாம். அவன் அன்பாகத்தான் சொன்னான். நானும் அவன் தலையைத் தடவிக் கொடுத்தேன்.

தம்பி வீட்டுக்கு ஒதுக்கியிருப்பது இரண்டு அறை. ஒன்று அவர்களுக்கு. மற்றது சமையலுக்கும் மூட்டைகளுக்கும் எனக்கும்.

ஏப்ரல் 8, புதன்

சம்மதக் கடிதத்தைத் தம்பியே எழுதிக் கொண்டு வந்துவிட்டான். "மேற்படி வீட்டை என் தம்பி மகனுக்கு முழு மனதுடன்..." என் சார்பில் எழுதிய இன்னொரு கடிதம். அவன் எழுத்து இந்த இருபது வருஷத்தில் மாறவே இல்லை.

"திங்கக்கிழமை பத்து மணிக்கு கேம்ப் ஆபீஸ்ல சாவி குடுக்கறாங்க. அங்க வெச்சுக் கையெழுத்துப் போட்டாப் போதும்." கதவருகே நின்றுவிட்டான். "அக்கா. அன்னைக்கு நீ சொன்னது... அப்ப எனக்கு வேற வழி தெரியல. எனக்கு இருபத்தோரு வயசு."

"தெரியும்டா."

"கோவமா?"

"இல்லை."

உண்மைதான். கோபமாக இருந்திருந்தால் எப்போதோ எதையாவது செய்திருப்பேன்.

ஏப்ரல் 9, வியாழன்

சாப்பிடப் பிடிக்கவில்லை. நாள் முழுவதும் ஒரே கணக்கு. கையெழுத்துப் போட்டால் ஆய்வாளரிடம் சொன்னது பொய். போடாவிட்டால் தம்பியிடம் சொன்னது பொய். போட்டால் ஒரு கல்யாணம் நடக்கும். போடாவிட்டால் பச்சை ஜன்னலைப் பற்றிப் பேசிய மனிதர் மகளை வேறு இடத்தில் கொடுப்பார். சம்பத் என்னிடம் ஒன்றும் கேட்கமாட்டான். அதுதான் தாங்காது.

அணையைப் பற்றிக் கேம்ப் ஆபீஸில் ஒரு பெரிய இன்ஜினீயர் பேசியது நினைவு வருகிறது. ஆயிரக்கணக்கான குடும்பங்களுக்கு வெளிச்சம் வர, அறுபத்தோரு குடும்பம் கொஞ்சம் விட்டுக் கொடுக்க வேண்டும் என்றார். கை தட்டினோம். பெரிதற்காகச் சிறிது. அப்பாவுக்காக நான், அதுவும் அப்படித்தான். இப்போது சம்பத்துக்காக. ஒவ்வொரு தடவையும் கணக்கு சரியாகத்தான் வருகிறது. ஒவ்வொரு தடவையும் சிறிது நானாகவே இருக்கிறேன்.

ஆனால் இந்தக் கணக்கை வைத்து நான் ஏதாவது செய்தால், முழுகப் போவது அந்த ஒல்லியான பெண்.

ஏப்ரல் 10, வெள்ளி

மேல் அலுவலகத்திலிருந்து ஆணை. வேலம்பள்ளம் கிளை மே மாதத்தோடு மூடல். காலனியில் புதிய கிளை. கிளைக்கு இடம் கொடுப்பது என் பொறுப்பு. கூடவே ஒரு படிவம்: இடத்தின் கதவு எண், உரிமையாளர் பெயர், உரிமையாளர் அதே இடத்தில் வசிக்கிறாரா.

தம்பி பார்த்துவிட்டு, "நம்ம வீட்டுச் சமையல் ரூம்ல ஒரு மேசை போட்டுக்கலாம் அக்கா. மூட்டையெல்லாம் ஓரமாத் தள்ளிறலாம்" என்றான். பாவாத்தாள், "தபாலுக்கு வர்றவங்கெல்லாம் அடுப்பத் தாண்டி வருவாங்களா?" என்று கேட்டாள். இருவரும் அதைப் பற்றி ரொம்ப நேரம் பேசினார்கள். நான் அங்கேயே நின்றிருந்தேன். மேசையை எந்தப் பக்கம் போடலாம் என்று என்னை யாரும் கேட்கவில்லை.

ஏப்ரல் 11, சனி

பத்து மணிக்குத் திறந்தேன். இரண்டு மணியார்டர், நான்கு அட்டை. மாரக்காளின் பெரிய மகன் தன் தம்பிக்கு அட்டை எழுதிப் போட்டான். அடுத்த வாசலில் இருக்கும் தம்பிக்கு. வாய்ப்பேச்சு நின்றுவிட்டதாம். முத்திரை குத்தி, பதினைந்து தப்படி நடந்து போய்க் கொடுத்துவிட்டு வந்தேன்.

கூட்டம் இல்லாத நேரத்தில் படிவத்தை நிரப்பினேன். இடம்: வீட்டு எண் 47. உரிமையாளர்: ப. மரகதம். அதே இடத்தில் வசிக்கிறாரா: ஆம். மை காயும்வரை பார்த்துக்கொண்டிருந்தேன். உறையில் போட்டு ஒட்டிப் பையில் வைத்து அரக்கு முத்திரை இட்டேன்.

நஞ்சப்பன் பையைத் தோளில் போட்டார். "இன்னைக்கு லேசா இருக்குதுங்க. ஒண்ணுமில்லீங்களா?"

"ஒரே ஒரு ஆபீஸ் கவர்."

அவர் கரட்டைத் திரும்பும்வரை வாசலில் நின்றேன். கூப்பிட்டால் கேட்கும் தூரம்தான். கூப்பிடவில்லை. இனி அது போய்ச் சேரும். திங்கட்கிழமை சாவியை வாங்கிக்கொள்வேன், கடிதத்தில் கையெழுத்துப் போடமாட்டேன். சம்பத்தின் முகத்தை அப்போது பார்க்க வேண்டியிருக்கும். பார்ப்பேன்.

எழுதிக்கொண்டிருக்கும்போதே பாவாத்தாள் சுவருக்கு அந்தப் பக்கமிருந்து கூப்பிட்டாள்: "ஏனுங் நங்கை, திங்கக்கெழம போறதுக்கு உங்க நல்ல சேலையக் குடுத்தீங்கன்னா என் துணியோட சேத்து அலசிப் போட்டுருவேன்!"

"கொண்டு வர்றேன்" என்றேன்.